பதினோராம் அத்தியாயம்

லோர்னா டிப்பெட் ஒஹையோவில் இருக்கிறாள்.
அவள் நாவலில்
கதாநாயகி மூன்றாம் பக்கத்திலேயே செத்துப்போகிறாள்.
அவள் வைத்துவிட்டுப் போன கடனை வசூலிக்க
தினமும் போன் செய்கிறவன்
பதில் சொல்லும் எந்திரத்தில் பதிந்திருக்கும் அவள் குரலைக்
காதலிக்கத் தொடங்குகிறான்.
வட்டி ஏறுகிறது.

இதை நான்
கிருஷ்ணகிரி பழையபேட்டையில்
மாம்பழக்கூழ் ஆலையின் இரவு ஷிப்ட் முடிந்து
விரலிடுக்கில் பெங்களூரா வாசனையோடு
தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன்.
ஒரு பகலுக்குப் பன்னிரண்டு வரி. சில நாள் இரண்டு.
அவள் சிரிக்கவைக்கும் இடத்தில் எல்லாம்
எனக்குத் தூக்கம் போகிறது.
ஒரு நக்கலுக்கு நாலு சொல் எடுத்துவைத்து
கூழின் இனிப்பைச் சோதிப்பதுபோல
ஒவ்வொரு சொட்டாய்க் கண்ணாடியில் விட்டுப் பார்க்கிறேன்.

பத்தாம் அத்தியாயம் முடிந்து
திருப்பினால்
வெறும் தாள். அடியில் ஒரே வரி:
பதினொன்று உங்கள் பக்கத்து வீட்டில் இருக்கிறது,
போய்க் கேளுங்கள்.
பன்னிரண்டில் வசூல்காரன் கையில் கட்டோடு வருகிறான்.
எப்படி என்று யாரும் சொல்வதில்லை.

எழுதிய பிறகுதான் பார்த்தேன்:
பக்கத்து வீடு.
ஆங்கிலத்தில் அது வெறும் வீடு.
இங்கே தாளுக்கும் அண்டைக்கும் ஒரே சொல்லாகிவிட,
லோர்னா போடாத ஒரு நக்கல்
தானாக வந்து உட்கார்ந்துகொண்டது.
வெட்டவா விடவா
என்று இரண்டு நாள்.

மூன்றாம் நாள் வேறு யோசனை வந்தது.
அவள் சொன்னாளே என்று
ஒருத்தராவது
போய்க் கேட்டிருப்பார்களா?

எங்கள் பக்கத்து வீடு சைலஜா.
கிரானைட் பட்டறையில் கணக்கு எழுதுகிறாள்.
மூன்று வருஷமாகப் பேச்சில்லை.
ஒகேனக்கல் தண்ணீர் வந்த ஒரு விடியலில்
மோட்டார் போட்டு உறிஞ்சிவிட்டாள் என்று
நான் தெருவில் நின்று கத்தியது,
அவள் தெலுங்கில் திருப்பிக் கொடுத்தது,
எனக்குப் பாதிதான் புரிந்தது,
அந்தப் பாதியே போதுமானதாக இருந்தது.

கேட்டைத் தட்டினேன்.
“என்ன?”
“பதினோராம் அத்தியாயம்.”
புத்தகத்தைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள்.
உள்ளே போய்
கொஞ்ச நேரம் பாத்திரம் உருட்டி
எங்கள் வீட்டு குக்கர் வெயிட்டைக் கொண்டுவந்து
என் உள்ளங்கையில் வைத்தாள்.
“மூணு வருஷமா இருக்குது.
கேட்டிருந்தா அப்பவே தந்திருப்பேன்.”
பிறகு, கேட் கம்பியைப் பிடித்தபடி,
“அன்னிக்கு எங்க வீட்டுல கரண்டே இல்ல.
ஃபியூஸ் போயிருந்துச்சு.
மோட்டார் சத்தம் எனக்கும்தான் கேட்டுச்சு.”

இருவரும் ஒரே நேரத்தில்
எதிர்வீட்டு மாடித் தொட்டியைப் பார்த்தோம்.
நிரம்பி
வழிந்துகொண்டிருந்தது.

சென்னையிலிருந்து மெய்ப்புத் திருத்துகிறவர்
நேற்றுக் கூப்பிட்டார்.
“பத்துக்கு அப்புறம் பன்னெண்டு வருது மேடம்.
பதினொண்ணு எங்க, விட்டுப்போச்சா?”
குக்கர் மூன்றாவது விசில் அடித்தது.
“பக்கத்துல பாருங்க” என்றேன்.