கிலோ பதினெட்டுச் சதம்

ஹாகன் நகரின் ஓரம், ஹாஸ்பேயில்,
உருக்காலை இடித்த நிலத்தில் ஒரு கொட்டகை.
இறந்தவர்களின் புத்தகங்கள் அங்கேதான் வந்திறங்கும்.
எனக்கு இரவு வேலை.
நாலு இரும்புக் கூண்டு:
அரசியல், சமயம், வணிகம், கலை.
போருக்கென்று கூண்டில்லை.
"பொருந்துகிற இடத்தில் போடு" என்றா
முதல் நாளே திருமதி கம்ப்மான்,
என் கையுறை அளவைக் கேட்டபடி.

போர் எங்கும் பொருந்துகிறது.
அதுதான் இந்த வேலையின் கரைச்சல்.

படையாளுக்கு அச்சிட்ட செபப்புத்தகம், சட்டைப்பை அளவு.
துளை இருந்தது. தோட்டா இல்லை,
பூச்சி போட்ட துளை.
சமயம்.

ஆணித் தொழிற்சாலையொன்றின் ஐம்பதாம் ஆண்டு மலர்,
பொன் விளிம்பு.
நடுவில் நாலு ஆண்டுக்கு ஆணியைப் பற்றி ஒரு சொல் இல்லை,
இலாபம் மட்டும் மும்மடங்கு.
வணிகம்.

டர்னிப்பில் கேக், டர்னிப்பில் கோப்பி,
டர்னிப்பை மீன்போல் வெட்டிப் பொரிக்கும் முறை:
பஞ்ச ஆண்டின் சமையல் புத்தகம்.
கலையில் போட்டேன். வயிறு ஒப்பவில்லை.

பள்ளிக்கூட வரைபடத்தில் ஒரு பிள்ளை
பிரான்ஸ் முழுதையும் பச்சையால் தீட்டி,
கை நிற்காமல்
கடலையும் கொஞ்சம் பிடித்திருக்கிறது.
அரசியல்.

செனாத் எதையும் திறந்து பார்ப்பதில்லை.
பொஸ்னியாக்காரன். பாரம் மட்டும் பார்ப்பான்.
"திறந்தால் மூடுவது கஷ்டம்" என்பான்,
தேத்தண்ணிக்கு நாலு சீனிக்கட்டி போட்டுக்கொண்டு.

பங்குனியில் வந்தது அந்தப் பெட்டி,
பூட்டிக் கிடந்த கடையொன்றின் பின்னறையிலிருந்து.
பஞ்சாங்கம், அரிசி விலைப்பட்டியல்,
நீல மட்டைக் கொப்பி.
ஸ்கேனருக்குத் தமிழ் தெரியாது.
சிவப்பு விளக்கு.
சிவப்பென்றால் கூழ்.

திறந்தேன்.
கோயில் பூச்செலவு,
உழுந்து இரண்டு மூட்டை,
சனிக்கிழமைத் தமிழ் வகுப்புக்குச் சுண்ணக்கட்டி.
அதே பேனை, அதே பக்கம்,
கோடு ஒன்று அடித்துக் கீழே
போருக்குச் சேர்த்த காசு:
பெயர், ஊர், மாதம், மார்க்.
எந்தக் கூண்டு?
நாலும் வாய் திறந்து நின்றன.

பதினேழாம் பக்கத்தில்
செ. தவயோகன்.
என் மனுசன்.

மூன்று வருடம்,
பள்ளிக்கூடக் கழிப்பறை கழுவிய சம்பளத்தில்
மாதம் ஐம்பது மார்க் எண்ணி
அவர் கையில் வைத்தேன்.
"நாட்டுக்கு" என்பார்.
அந்தச் சொல்லுக்குப் பிறகு
எங்கள் வீட்டில் ஒருவரும் கதைப்பதில்லை.
மகளின் பல்லுக்குக் கம்பி
அடுத்த வருடம், அடுத்த வருடம் என்று போனது.

கொப்பியில் அவர் பெயருக்கு நேரே
முப்பத்தாறு கட்டம்.
இல்லை. இல்லை. இல்லை.
ஓரிடத்தில் மட்டும் சின்ன எழுத்தில்:
"பிறகு தருவதாகச் சொன்னார். கண் கலங்கினார்."

கோபம் வரவேண்டிய இடத்தில்
முதலில் சிரிப்பு வந்தது.
பிறகு ஒரு ஆறுதல்:
என் ஐம்பது ஒரு ரவையாகவும் ஆகவில்லை,
யாருடைய கூரையிலும் போய் விழவில்லை.
பிறகு அந்த ஆறுதலை நினைத்து வெட்கம்.
மேல் வரியில் பரஞ்சோதி அக்கா,
மாதம் தவறாமல் எழுபது,
அவவின் தம்பி கிடைத்த இடமும் தெரியாது.
கோபம் கடைசியில்தான் வந்தது,
வந்து கதிரையை இழுத்துப் போட்டு
உட்கார்ந்துகொண்டது.
ஆயிரத்து எண்ணூறு மார்க்.
எங்கே போனது மனுசா?

செனாத் எட்டிப் பார்த்தான். "என்ன புத்தகம்?"
"கணக்கு."
"யார் வென்றது?"

தராசில் வைத்தேன்.
நானூற்றுப் பத்துக் கிராம்.
ஏழு சதமும் கொஞ்சமும்.

விடிய முதல் பஸ்ஸில்
மடியில் சாப்பாட்டுப் பை,
சம்பல் பெட்டிக்கு அடியில் நீல மட்டை.
ஜன்னலில் மழை. ஒருவரும் இல்லாத தரிப்பிடத்திலும்
பஸ் நின்று, கதவைத் திறந்து, மூடியது.

இந்நேரம் அவர் எழும்பி
எனக்குத் தேத்தண்ணி வைத்திருப்பார்.
இருபது வருடம்,
அந்தக் கட்டம் மட்டும்
ஒருநாளும் வெறுமையாய் இருந்ததில்லை.