பதினோராம் பக்கத்துக்கு அப்புறம்

அந்தப் படப்புத்தகத்தில் அப்பாதான் போலீஸ்.
அம்மா அடுப்பருகே நின்று சிரிப்பாள்.
பிரின் பென்சிலை எடுத்து
அவர் தொப்பிக்குக் கீழே ஒரு பின்னல் தொங்கவிட்டாள்,
அம்மாவுக்குத் தாடி வைத்தாள்.
நூலகத்துப் புத்தகமடி, என்றேன்.
"தப்பாப் போட்டிருந்தாங்க. திருத்திட்டேன்."

ஹேவரில் ஜனவரி.
மைனஸ் முப்பத்தொன்று.
பால் என்று பெயர் வாங்கிய ஆறு
தயிராகாமல் உறைந்து கிடக்கிறது.
சரக்கு ரயில் போனால் மட்டும் ஜன்னல் பேசும்.
கொரினுக்கு மாதம் முழுக்க இரவுப் பணி.
எங்கள் பக்கத்துக்கு ராத்திரியில் இரண்டே வண்டிகள்,
ஒன்றில் ஹீட்டர் நினைத்தால் வேலை செய்யும்.

நல்ல புத்தகம்தான், குறை சொல்லவில்லை.
மூன்றாம் பக்கத்தில் பேட்ஜ் மின்னுகிறது.
ஐந்தில் மரத்திலிருந்து பூனை இறங்குகிறது.
எட்டில் தொலைந்த பையனுக்கு ஐஸ்கிரீம்.
பதினொன்றில் நிலா, அதன் கீழே ரோந்து கார்.
பக்கத்தைத் திருப்பினால் விடிந்துவிடும்.
வாசலில் அப்பா, தட்டில் பான்கேக்,
எல்லாருக்கும் சிரிப்பு, பூனைக்குக்கூட.

"நடுவுல என்ன ஆச்சு?"
தாள் ஒட்டிக்கொண்டிருக்கிறதோ என்று
நகத்தால் ஓரத்தைக் கீறிப் பார்க்கிறாள்.
நான் தானியக் கிடங்கில் எடை போடுகிறவன்.
லாரியில் எத்தனை டன் கோதுமை என்று கேள், சொல்கிறேன்.
"தூங்கியிருப்பாங்க."
"டூட்டியில தூங்கினா ஷெரிஃப் திட்டுவாரு."

எனக்குத் தெரிந்தது கொஞ்சம்.
பூட்ஸை கேரேஜிலேயே கழற்றுவாள்.
சில காலைகளில் சீருடை நேராக வாஷிங் மெஷினுக்குப் போகும்,
அதற்குப் பிறகுதான் பிள்ளையைத் தூக்குவாள்.
நவம்பரில் ஒரு நாள்
எஞ்சினை அணைத்துவிட்டு வண்டிக்குள்ளேயே இருந்தாள்
நாற்பது நிமிஷம்.
சமையலறை ஜன்னலில் நின்று எண்ணினேன்.
போய்க் கதவைத் தட்டியிருக்கலாம்.
பான்கேக்கை மறுபடி சூடு பண்ணினேன்.

ஆறாம் பக்கத்தை நாங்கள் வேகமாகத் தாண்டியிருக்கிறோம்.
இன்றைக்குத்தான் விளக்கருகே வைத்துப் பார்த்தோம்.
காரின் சிவப்பு நீல வெளிச்சத்துக்குக் கீழே
வேறொரு பென்சில், மங்கலாக,
பாதி எழுத்து இடம் வலம் மாறி:
இந்தக் கார் எங்க வீட்டுக்கு வந்துச்சு
அப்பா இதுல போனாரு

ஓவியர் காலியாக விட்ட பின்சீட் ஜன்னலில்
ஒரு தலை.
முடி இல்லை, வாய் இல்லை, கண் இரண்டு.

பின்னட்டையில் தேதிகள் மட்டும்தான், பெயர் இல்லை.
சின்ன ஊர். எனக்குள் மூன்று வீடுகள் ஓடின.
ஒரு வீட்டுக்காரரின் கோதுமையை
நானே எடை போட்டிருக்கிறேன்.
"அம்மாவா கூட்டிட்டுப் போனாங்க?"
"இருக்கலாம்.
இருக்கிறதே ரெண்டு வண்டி."

அழித்துவிடட்டுமா என்று கேட்டேன்.
"அது தப்பில்லையே."
முதல் பக்கத்துக்குத் திரும்பி
தான் வரைந்த பின்னலைப் பார்த்தாள், வெகுநேரம்.
பிறகு பென்சிலைக் கூர்சீவிக்கொண்டு வந்தாள்.
மன்னிப்பு எழுதப் போகிறாள் என்று நினைத்தேன்.
அந்தத் தலைக்குக் கீழே
தோளிலிருந்து குறுக்காக ஒரு கோடு இழுத்தாள்,
முனையில் சின்னதாக ஒரு கொக்கி.
"சீட் பெல்ட்.
யாரா இருந்தாலும் அம்மா போட்டுவிடுவாங்க.
கத்தினாலும் போட்டுவிட்டுத்தான் வண்டிய எடுப்பாங்க."

வியாழக்கிழமை திருப்பித் தர வேண்டும்.
அபராதம் கேட்டால் கொடுத்துவிடலாம்.
நான் மூடி வைத்ததை அவள் மறுபடி விரித்து
அம்மாவின் நாற்காலிக்கு நேரே வைத்தாள்,
தாள் புரளாமலிருக்க
ஆறாம் பக்கத்தின் மேல் உப்புக் குடுவை.

ஆறு ஐம்பதுக்கு கேரேஜ் கதவு ஏறியது.