பெட்டி எண் பதினேழு

நிபோங் திபாலில் செம்பனைத் தோட்டம்.
மாதம் ஒருமுறை
கூகை எண்ணுவது என் வேலை.

'அது அலறினால் சாவு' என்று
மாமியார் கல்லெறிந்த வீட்டில்
அரிசி வாங்கியது கூகைச் சம்பளம்.

பெட்டிகள் லூர்துசாமி அடித்தவை,
சவப்பெட்டியில் மிஞ்சிய பலகையில்.
வாசலுக்கு ஒரு சாண்,
உள்ளே ஒரு தடுப்பு.
"குஞ்சு தவறி விழாது பாரு, ஜெயந்திமாலா."
அவர் கை நடுங்கத் தொடங்கிய வருடம்
பிளாஸ்டிக் பெட்டி வந்தது.
மத்தியானம் தொட்டால் சுடும்.

அப்புறம் எலிமருந்து,
நீல நிற மெழுகுக் கட்டி.
தின்ற எலி தள்ளாடியது.
அதைத் தின்றது
கம்பத்தடியில் கிடந்தது,
வெள்ளை முகம் மண்ணில் பதிய.
மூன்றைப் புதைத்தேன்.
படிவத்தில் அதற்குக் கட்டமில்லை.

இன்று பதினேழாம் பெட்டி,
லூர்துசாமியின் கடைசிப் பலகை.
ஏணியில் ஏறி டார்ச் அடித்தேன்.
பஞ்சு, கிழிந்த கையுறை,
கண் திறக்காத ஆறு எலிக்குஞ்சு.
தாய் நகரவில்லை.
வாடகை கேட்க வந்தவளைப் போல
என்னைப் பார்த்தது.

தடுப்பு நன்றாகத்தான் இருந்தது.
ஒரு குஞ்சும் விழவில்லை.

கைப்பேசி கேட்டது:
குடியிருப்பு, உண்டா? இல்லையா?
'உண்டு' அழுத்தினேன்.

நான் கீழே இறங்குவதற்குள்
ஆபீசிலிருந்து வந்துவிட்டது
ஒரு கட்டைவிரல்.