பூஜ்ஜியம் வேறு, கோடு வேறு

சேலம் ஐந்து ரோட்டில் எது நம்ம ரோடு என்று
யாரையாவது கேட்டுத்தான் ஆகவேண்டும்.
ஓமலூரில் இடதுகைப் பக்கம்.
மேச்சேரியில் பத்ரகாளிக்கு
ஓடுகிற பஸ்சிலிருந்தே ஒரு கும்பிடு.
மேட்டூர் தாண்டினால் வலப்புறம் தண்ணீர்,
இடப்புறம் மலை, நடுவில் கூச்சப்பட்டு ஒதுங்கியபடி
கொளத்தூர், கோவிந்தபாடி,
அப்புறம் பாலாறு.
பாலத்துக்கு மேல் தாரின் நிறம் மாறுகிறது.
அங்கிருந்து குழி விழுந்தால்
கன்னடத்தில்தான் திட்ட வேண்டும்.

கோவிந்தபாடிக்கு முன்னால் புளியமரத்தடியில்
எனக்கு ஒரு பிளாஸ்டிக் நாற்காலி,
பரீட்சை அட்டை, கயிற்றில் கட்டிய பேனா.
ஏழு நாள்,
போகிற வருகிற வண்டியை எல்லாம் எண்ண வேண்டும்.
பகல் எனக்கு, ராத்திரி மாதப்பனுக்கு.
நாலு கோடு நிற்க, ஒன்று குறுக்கே சாய்ந்தால் ஐந்து.
படிவத்தில் மாட்டுவண்டிக்கு இன்னும் கட்டம் இருக்கிறது,
கைவண்டிக்கும்.
ஷேர் ஆட்டோவை 'இதர'வில் போடச் சொன்னார்
உதவிப் பொறியாளர் ரெஜினா மேடம்.

முதல் நாள் மரவள்ளி லாரி, கிரானைட் டிரெய்லர்,
மீன்பெட்டி கட்டிய மொபெட்டுகள்.
இரண்டாம் நாள் அமாவாசை.
மாதேஸ்வரன் மலைக்கு வேன் வேனாக ஜனம்,
எண்ணி எண்ணி விரல் மரத்தது.
நடந்து போனவர்களை விட்டுவிட்டேன்.
கால்களை எண்ணச் சொல்லி உத்தரவு இல்லை.

மூன்றாம் நாள் காலையில்
தண்ணீர்ச் சண்டை டிவியில் வந்தது.
அவர்கள் பஸ் அந்தக் கரையிலேயே நின்றுகொண்டது.
நம் பஸ் கொளத்தூரோடு திரும்பியது.
ஒன்பதரைக்கு ஒரு பால்வண்டி.
பிறகு ஒரு நாய் வந்து
வெள்ளைக் கோட்டின் மேல் நீட்டிப் படுத்தது.

காலிக் கட்டங்களில் படுக்கைக் கோடாக இழுத்து வைத்தேன்.
மேடம் ஜீப்பை விட்டு இறங்காமலே பார்த்தார்.
"கோடு போட்டா நீ வரலைன்னு அர்த்தம்.
பூஜ்ஜியம் போட்டா வண்டி வரலைன்னு அர்த்தம்.
நீதான் உட்கார்ந்திருக்கியே?"
எல்லாவற்றையும் வட்டமாகத் திருத்தினேன்.

ஊருக்குப் போக பஸ் இல்லாமல் மாதப்பன்
மரத்தடியிலேயே தூங்கி எழுந்தான்.
மற்ற நாளில் அவன் மீன்பிடிக்கிறவன்.
"இது ரோடே இல்ல, தெரியுமா?" என்றான்.
"ரோடு அங்க இருக்கு" என்று தண்ணீரைக் காட்டினான்.
"வலை எங்கெல்லாம் மாட்டுதோ அதெல்லாம் ரோடு."
மைசூர்ப் படை இறங்கியதும்
கும்பினிப் படை ஏறியதும் அதில்தானாம்.
அணை வந்ததும் தண்ணீர் அதில் ஏறிப் படுத்துக்கொள்ள,
மேட்டில் இதைப் போட்டார்களாம்.

ஆறு மணிக்கு மேல் இறங்கிப் போய்ப் பார்த்தேன்.
அணை வற்றியிருந்தது, சண்டையே அதற்குத்தானே.
பண்ணவாடியில் நந்தியின் தலை தெரிகிறதென்று
ஊரே திரண்டு போயிருந்தது.
ரோட்டைப் பார்க்க வந்தது நான் ஒருத்தி.
வெடித்த சேற்றில் ஒரு கல்வரிசை,
நேராகப் போய் நீருக்குள் நுழைந்தது.
சாய்ந்த மைல்கல்லில் நத்தை ஓடுகள் ஒட்டியிருந்தன.
சுரண்டினேன். 'சே' மட்டும் வந்தது.
தலையில் பரிசலைக் கவிழ்த்துக்கொண்டு ஒருவர்
அந்தக் கற்கள் மேலேயே நடந்து வந்தார்.
முகம் தெரியவில்லை,
கூடைக்குக் கால் முளைத்த மாதிரி.
கை தானாகப் பேனாவைத் தேடியது.

இத்தனை வருஷம் இங்கே
வண்டி வரவில்லையா,
எண்ணுகிறவர் வரவில்லையா?
எதைப் போடுவது, மேடம்?

மறுநாள் காலை ஆறு மணிக்கு அட்டையை வாங்கினேன்.
ராத்திரி முழுக்க வட்டம் வட்டமாகப் போட்டிருந்தான்,
முட்டையிட்டு வைத்ததுபோல.
இரண்டிலிருந்து மூன்றுக்குள்
லாரிக் கட்டத்தில் மட்டும்
ஒரே ஒரு கோடு நின்றது.
"எந்தப் பக்கத்து வண்டி?"
"நம்பர் மேல சேறு பூசியிருந்தாங்க" என்றான்.
"தக்காளி வாசம் அடிச்சுது.
வெளிச்சம் போடாம,
மெதுவா,
நாயைச் சுத்திக்கிட்டுப் போச்சு."