மாடுகளுக்குக் காட்டாத வரைபடம்

அறுபத்து நான்கு மனைகள்,
ஒவ்வொன்றும் பதினைந்து சென்ட்.
விரிசல் விட்ட மலைச்சரிவிலிருந்து
காரா-ஜார் கிராமத்தைச் சமவெளிக்கு இறக்க
பிஷ்கெக்கில் ஒரு ஜன்னலோர மேசையில்
நான் போட்ட கோடுகள்.
தெரு பன்னிரண்டு மீட்டர், குறுக்குத்தெரு எட்டு.
பள்ளிக்குப் பச்சை, மருந்தகத்துக்குச் சிவப்பு,
இடுகாட்டுக்கு, மிச்சமிருந்த பழுப்பு.
"சதுரங்கப் பலகை மாதிரி சுத்தம்" என்றார் அதிகாரி.
கையெழுத்து மட்டும் போடவில்லை.

ஏப்ரலில் மழை விடாமல் பிடித்தது.
மேட்டுத்தெருவில் ஒரு வீட்டின் அடுக்களை மட்டும்
இரவோடு இரவாக
வீட்டை விட்டுக் கிளம்பிப் போயிருந்தது.
ஆள்சேதமில்லை. ஒரு சமோவார், இரண்டு கோழிகள்.
பிறகு கையெழுத்துகள் மளமளவென்று விழுந்தன.

இலையுதிர்காலத்தில் இறங்கினார்கள்.
கதவுகளைச் சுமந்து, அடுப்பிரும்பைச் சுமந்து,
வேர்மண் கட்டிய வாதுமைக் கன்றுகளைச் சுமந்து.
மிக்திபெக் கூரைத் தகரத்தை ஆணியோடு கொண்டுவந்தான்.
கம்பளிக் குல்லாயில் சீட்டுப் போட்டு மனை பிரித்தோம்.
இருபது வருடம் முகம் பார்க்காத இரண்டு குடும்பங்கள்
ஒரே வேலியின் இருபுறமும் விழுந்தன.
விதிப்புத்தகத்தில் அதற்குப் பத்தி இல்லை.

முதல் மாலை.
முறைமேய்ப்பு முடிந்து நூற்றுப் பன்னிரண்டு மாடுகள்
புழுதியோடு வந்தன.
வந்து,
புது ஊரைத் தாண்டி,
புதுக் கம்பங்களைத் தாண்டி,
ஆபத்து என்று எழுதிய சிவப்பு நாடாவைத் தாண்டி
மேலே போயின.
அவரவர் வாசலில் அவரவர் மாடு.
வாசல்தான் இல்லை.

டார்ச்சும் கயிறுமாக எல்லோரும் ஓடினோம்.
மடி கனத்து அவை கதறிய சத்தத்தில்
மலை இன்னொரு முறை சரியுமோ என்றிருந்தது.
ஜாங்கிலின் செவலைப்பசு
கதவு பிடுங்கிய நிலைக்கு முன்னால்
வாடகை பாக்கிக்கு வந்தவரைப் போல நின்றது.
அங்கேயே உட்கார்ந்து கறந்தாள்.
பால் வாளியில் நிலவும் கொஞ்சம் செம்மண்ணும்.

டிராக்டர் கொட்டகையில் கூட்டம்.
மேய்ச்சல் குழுவின் கணக்கர் உபோல்
என் வரைபடத்தைத் தலைகீழாகத் திருப்பினாள்,
மலை அவள் பக்கம் வரட்டும் என்று.
"லாரிக்கு வழி இருக்கு. பிணத்துக்கும் இருக்கு.
வசந்த மேய்ச்சலுக்குப் போற வழி எங்கே?
ஆத்துல எந்த இடத்துல தண்ணி குடிக்கும்?
குளிர்காலத்துக்கு விட்டுவைக்கிற புல் மேல
நீ விளையாட்டு மைதானம் வரைஞ்சிருக்கே."
நீர்முறை பார்க்கும் தாஷ்மத் இருமிவிட்டுச் சொன்னார்,
வாய்க்காலுக்குச் செங்கோணம் தெரியாதாம்.
யாரோ சிரித்தார்கள். நானும் சிரித்தேன், தாமதமாக.

ஒன்பது நாள்.
செவலைப்பசுவின் கழுத்தில் ஜிபிஎஸ் கட்டி
பின்னாலேயே நடந்தேன்.
அது கிழித்த கோடு
மரத்தில் முதுகு தேய்த்து வளைந்தது,
ஆற்றில் நனைந்தது,
காரணமில்லாமல் ஒரு பாறையை இரண்டுமுறை சுற்றியது.
அந்தக் கோட்டை அப்படியே வைத்து
மேலே தெருக்களைப் போட்டேன்.
பாறையைக்கூட விட்டுவைத்தேன்.

நான்கு மனைகள் அடிபட்டன.
மூன்று பேர் மாற்றுமனைக்கு ஒப்புக்கொண்டார்கள்.
நாற்பதாம் எண் நூர்மத் மாட்டேனென்றார்.
அவர் அதற்குள் அஸ்திவாரம் போட்டிருந்தார்,
ஆற்றுக்கல் ஒவ்வொன்றாக, கழுதையில்.
கடைசியில் போலீஸ் வரவில்லை, உறவுகள் வந்தார்கள்.
ஒரு நாள் காலை அஸ்திவாரம் பிரிந்திருந்தது.
கல்லை அவரே அடுக்கிவைத்திருந்தார்,
பெரியது கீழே, சிறியது மேலே.

இப்போது மாலையில் மாடுகள்
அறுபது வாசல்களுக்குப் பிரிந்து போகின்றன.
அமைச்சகத்திலிருந்து பாராட்டுக் கடிதம் வந்தது.
அதே தபாலில் நூர்மத்தின் கடிதமும்.
"மாட்டுக்கு வழி விட வேண்டும், சரி.
என் மகன் அறையின் வழியாகத்தான் விட வேண்டுமா?
பாறையைச் சுற்ற இடம் இருந்ததே."

அளந்து பார்த்தேன்.
பாறையைச் சுற்றாமல் போயிருந்தால்
பதினொரு மீட்டர் மிஞ்சியிருக்கும்.
இன்னும் பதில் எழுதவில்லை.