பதினொரு கிலோ

சுவர் இருந்தால்தான் சித்திரமாம்.
சொன்னவன் சாட்ஸ்வர்த்தில் குடியிருந்ததில்லை.
ஆணியைப் பற்றி
ஒரு வார்த்தை சொல்லாமல் போய்விட்டான்.

கண்காட்சி முடிந்து
மகள் கிருபாஷ்னியின் ஓவியம்
விற்காமல் வீடு திரும்பியது,
பின் சீட்டில் போர்வை சுற்றி,
ஆஸ்பத்திரியிலிருந்து அழைத்து வரும் ஆளைப்போல.
நாலடி அகலம். கனத்த மரச்சட்டம்.
விக்டோரியா தெரு மார்க்கெட்டில்
மீன்கடைக்காரரின் ஐஸ் மேசை.
ஐஸ் மட்டும்.
"மீன் எங்கேடி?"
"அது வித்துப்போச்சும்மா."

படத்தைக் கட்டிக்கொண்டு தராசில் ஏறினேன்.
படத்தை இறக்கிவிட்டு மறுபடி ஏறினேன்.
கழித்தால் பதினொரு கிலோ.
எதிலிருந்து கழித்தேன் என்பது
எனக்கும் தராசுக்கும் உள்ள விஷயம்.

முதலில் ஒட்டுப்பட்டை வாங்கினேன்.
எட்டுக் கிலோ தாங்கும் என்றது அட்டை.
எந்த ஊர்க் காற்றில் என்று சொல்லவில்லை.
பிப்ரவரி டர்பனில்
தபால்தலைகூட உறையில் தங்காது.
சோதனைக்கு நாள்காட்டியை ஒட்டிவைத்தேன்.
விடிகாலையில் அது தரையில் கிடந்தது,
உள்ளங்கை அகலம் பெயின்ட்டோடு.

அடுத்து, டப்பாவில் கிடந்த ஆணி.
முதல் அடிக்கு வளைந்தது.
இரண்டாம் அடிக்குக் காரை உதிர்ந்தது.
மூன்றாம் அடிக்குச் சுவரே பேசியது:
"ஹே! நான் தூங்கறேன்!"
திருமதி ம்கிஸே. ராத்திரி ட்யூட்டி நர்ஸ்.
இரண்டு வீட்டுக்கும் ஒரே சுவர்.

ஹார்ட்வேர் கடைப் பையன் ப்ரனீலனிடம்
ஓவியத்தைப் பற்றிச் சொல்லத் தொடங்கினேன்,
ஐஸில் அந்த நீலம் எப்படி வந்தது என்று.
"படம் இருக்கட்டும் ஆன்ட்டி. சுவர் என்ன?"
"முனிசிபாலிட்டி கட்டினது."
"தட்டினா என்ன சத்தம்?"
கல்லாவைத் தட்டிக் காட்டினேன்.
அது மரம் என்றான்.
வாயால் செய்து காட்டினேன்.
வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.
"ஒற்றைச் செங்கல்," என்றான் உடனே.

கம்பி வேண்டாமாம். ஒரே ஆணியில் கம்பி போட்டால்
கதவு சாத்தும்போதெல்லாம் படம் தலை சாய்க்குமாம்.
சட்டத்தின் பின்னே இரண்டு வளையம்,
சுவரில் இரண்டு திருகாணி,
ஆளுக்கு ஐந்தரைக் கிலோ.
ஆறு மில்லிமீட்டர் பிட்,
அதே அளவு பிளக், பத்து உள்ள பாக்கெட்.
"செங்கல்லில் இறக்குங்க. இடுக்குச் சாந்தில் இறக்கினா
பல் ஆடற மாதிரி ஆடும்."

நாலு மணிவரை காத்திருந்தேன்.
டீயோடு போய்க் கதவைத் தட்டினேன்.
அவர் கண்ணைக் கசக்கிக்கொண்டே கேட்டார்:
எவ்வளவு உயரத்தில்?
நெஞ்சுக்கு மேலே கை வைத்துக் காட்டினேன்.
"அங்கேதான் என் கடிகாரம்."

அவர் அந்தப் பக்கம் திருகாணியைச் சுற்றித் தட்டினார்.
நான் இந்தப் பக்கம் காதை வைத்து
சத்தம் வந்த இடத்தில் பென்சில் புள்ளி வைத்தேன்.
இருபது வருஷமாக இந்தச் சுவர் வழியே
அவர் இருமலும் என் குக்கரும் போய்வந்திருக்கின்றன.
கேள்வி கேட்டு, பதில் வந்தது இன்றுதான்.

புள்ளியிலிருந்து ஒரு சாண் தள்ளித் துளைத்தேன்.
செம்மண் நிறத்தில் பொடி வந்தது. செங்கல்.
பிளக் இறுக்கமாக உள்ளே போனது,
வளையல்காரர் கையில் என் கை போல.

ராத்திரி மகள் வந்தாள்.
பையைக்கூட இறக்காமல் நின்றாள்.
"நடுவில் இல்லையேம்மா."
"நடுவில் மணி ஓடுது," என்றேன்.
புரியாமல் பார்த்தாள்.
செல்பேசியைச் சட்டத்தின்மேல் படுக்கவைத்து
மட்டம் பார்த்தாள்.
கையால் தொங்கிப் பார்க்கப் போனவளை
அதட்டி நிறுத்தினேன்.

பாக்கெட்டில் எட்டு பிளக் மிச்சம்.
டப்பாவில் போடவில்லை.
அவள் பிரஷ் வைக்கும் ஜாடிக்குப் பக்கத்தில்
வைத்துவிட்டுப் படுக்கப் போனேன்.