இரண்டாவது கேமரா

பணகுடிக்குத் தெற்கே அரிசி ஆலைக் களம்.
மூன்று கேமரா, ஒரு ஜெனரேட்டர்,
நாற்பது பிளாஸ்டிக் நாற்காலி.
ஆடிக் காற்று அதில் ஆறைத் தூக்கிப்போய்
உடைமரத்தில் போட்டது.
மைக்குக்குத் தன் பழைய பனியனை மாட்டிவிட்டு
ஒலிப்பதிவு பீர்முகம்மது சொன்னான்:
"அக்கா, பாட்டு கொஞ்சம் விழும்.
காத்து முழுசா விழும்."

ஞானதுரைக்குப் பகலில் காற்றாலையில் வேலை.
எண்பது மீட்டர் உயரத்தில் போல்ட் முறுக்குகிறவன்.
ராத்திரி அதே பதினேழாம் நம்பர் சாக்கெட்டைச்
சுண்டுவிரலில் மாட்டி
கிதார்க் கம்பிமேல் இழுக்கிறான்.
கமகம் என்று சொல்ல வந்தது, அடக்கிக்கொண்டேன்.
இது வேறு வழுக்கல்.
சுரத்துக்கு ஒரு நூல் கீழே நின்றுகொண்டு
உள்ளே வரமாட்டேன் என்கிறது.

ப்ளூஸில் ஒரு வரியை இரண்டு தரம் பாட வேண்டும்.

"வண்டியக் கொண்டு போயிட்டான், சாவியும் கொண்டு போயிட்டான்.
வண்டியக் கொண்டு போயிட்டாம்ல, சாவியும் கொண்டு போயிட்டான்.
பெட்ரோலு நேத்துதாம்ல போட்டேன்,
அது தீருத வரைக்குமாவது விட்டானா?"

நான் காதுக்கருவியில் கத்துகிறேன்:
ரெண்டு, விரல். ரெண்டு, விரலுக்குப் போ.
பேச்சிமுத்து போகவில்லை.
அவன் சட்டகத்தில், முன்வரிசையில்,
மடியில் கோப்போடு ஒருவர்.

வண்டியைக் கொண்டுபோனவர் அவர்தான்.
கோமதிநாயகம், பைனான்ஸ், வள்ளியூர் கிளை.
மிச்சத் தவணைக்குக் கையெழுத்து வாங்க வந்து,
சரி, பாட்டு முடியட்டும் என்று உட்கார்ந்துவிட்டார்.
தாள் பறக்காமலிருக்க
இரண்டு கையும் கோப்பை அழுத்தியிருக்கிறது.
வலது கால் மட்டும்
இரண்டாம் தட்டில், நாலாம் தட்டில்,
இரண்டில், நாலில்.
எங்கள் டிரம்மர்கூட அத்தனை சுத்தமில்லை.

முடிந்ததும் கையெழுத்தை வாங்கினார்.
ஞானதுரையின் வியர்வையில் மை பரவியது,
ஊதிக் காயவைத்தார்.
பிறகு என்னிடம் வந்தார்.
"மேடம், என் மூஞ்சி வரப்பிடாது. வேல போயிரும்."
கால் வரலாமா என்றேன்.
குனிந்து பார்த்தார்,
யாருடைய கால் என்று விசாரிக்கிறவர்போல.
"கால் வரட்டும்."

நாலு மாதமாக வெட்டிக்கொண்டிருக்கிறேன்.
அந்த நாற்பது நொடியை
ஒன்றாம் கேமராவால் மூடிவிடலாம்.
மூடியும் பார்த்தேன்.
விரல், கம்பி, வேர்த்த கழுத்து, எல்லாம் இருந்தது,
வேறெவனோ வண்டியைத் தொலைத்ததுபோல இருந்தது.
எடுத்துவிட்டேன்.

இப்போது திரை முழுக்க ஒரு கால்,
வார் அறுந்து ஊக்கு குத்திய செருப்பு,
பனியனையும் மீறி விழுந்த காற்று.
இரண்டில், நாலில்.
பெட்ரோல் வரி வருகிறபோது
தூக்கிய கால் இறங்காமல்
ஒரு தட்டு அப்படியே நிற்கிறது.

கத்திரியை அங்கே கொண்டுபோகிறேன்,
திரும்பக் கொண்டுவருகிறேன்.